ஹேங்க் வில்லியம்ஸ் படம் பாத்தாச்சு: குடி இருக்கு, ஊசி இருக்கு, பாட்டு எழுதின ஆளக் காணோம்

பழையரிக்கார்டு

தள்ளிப் போட்டுட்டே இருந்த படம், நேத்து ராத்திரி ஒரு வழியா பாத்து முடிச்சேன். 'ஐ சா த லைட்', மார்க் ஆப்ரஹாம் டைரக்‌ஷன், 2016ல தியேட்டருக்கு வந்தது. ஹேங்க் வில்லியம்ஸா டாம் ஹிடில்ஸ்டன், முதல் பொண்டாட்டி ஆட்ரியா எலிசபெத் ஓல்சன். இங்க கன்ட்ரி மியூசிக் கேக்கற கோஷ்டி கொஞ்சம் பேர் இருக்கீங்கன்னு தெரியும், அதான் இழை போடறேன்.

ஆள் யாருன்னு தெரியாதவங்களுக்கு: அமெரிக்க கன்ட்ரி பாடகர், பாட்டும் அவரே எழுதுவாரு, அலபாமால 1923ல பொறந்தவரு, 1953 ஜனவரி 1 அன்னிக்கு ஓடற காரோட பின் சீட்லயே உயிர் போயிடுச்சு, வயசு 29. ரிக்கார்டு போட்டதே மொத்தம் ஒரு ஆறு வருஷம்தான். அதுக்குள்ள எழுதி வச்சிட்டுப் போனத இன்னிக்கும் பாடிட்டிருக்காங்க. 1951ல டோனி பென்னட் இவரோட 'கோல்ட், கோல்ட் ஹார்ட்'ட எடுத்துப் பாடி, அது பாப் சார்ட்லயே உச்சிக்குப் போச்சு. செத்து அம்பது வருஷத்துக்கு மேல கழிச்சு 2010ல புலிட்சர்காரங்க தனி கௌரவம் குடுத்தாங்க, அதுவும் பாட்டு எழுதினதுக்கு.

இப்ப படத்துக்கு வருவோம். 1944ல அலபாமால ஒரு பெட்ரோல் பங்க்ல வச்சு கல்யாணம் பண்ணிக்கறாங்க, அங்க ஆரம்பிக்குது. அப்புறம் குடிக்கறாரு, சண்டை, குடிய விடறாரு, மறுபடி குடிக்கறாரு, முதுகு வலி, ஊசி, மாத்திரை, விவாகரத்து, இன்னொரு கல்யாணம், சாவு. ஏதோ ஆஸ்பத்திரி கேஸ் ஷீட்ட தேதிவாரியா படிச்சுக் காட்டற மாதிரி இருக்கு. இந்த மனுஷன் பாட்டு எழுதினாரா இல்லையா? எழுதினா எப்ப எழுதினாரு, எங்க உக்காந்து எழுதினாரு, எந்த வரிய அடிச்சாரு, எத வச்சாரு? படத்துல பேனா பிடிச்ச கைய தேடித்தான் பாக்கணும். பாட்டெல்லாம் ரெடிமேடா வானத்துலேந்து விழுது, மைக் முன்னாடி வந்து பாடறாரு, கைதட்டல், கட் பண்ணா மறுபடி பாட்டில்.

இவரு குடிச்சதுக்காக யாரும் இவர ஞாபகம் வச்சுக்கல. அந்தக் காலத்துல கன்ட்ரி மியூசிக்கோட தலைநகரமான நாஷ்வில்ல குடிச்ச பாடகனுங்க எத்தன பேரோ இருந்தானுங்க. உங்க கருத்து என்ன மக்களே?

லோகி_ரசிகை

நான் இந்தப் படத்த பாத்ததே ஹிடில்ஸ்டனுக்காகத்தான், உண்மைய சொல்லிடறேன் 😀 ஹேங்க் வில்லியம்ஸ்னு ஒருத்தர் இருந்தாருன்னே அப்பதான் தெரியும். ஆனா அண்ணா, நடிப்ப பத்தி ஒரு வரி கூட எழுதாம விட்டுட்டீங்களே, அது நியாயமா? மனுஷன் லண்டன்காரர், அலபாமா இழுவையில பேசணும், கிட்டார் வாசிக்கணும், எல்லா பாட்டையும் அவரே பாடியிருக்காரு, டப்பிங் கிடையாது. அதுக்காக கன்ட்ரி பாடகர் ராட்னி க்ரோவெல் வீட்லயே போய் வாரக்கணக்குல தங்கி தினமும் பயிற்சி எடுத்தாராம். உடம்ப வேற இளைச்சு எலும்பும் தோலுமா வந்து நிப்பாரு. படத்தோட முதல் ஷாட்ல ஸ்டூல்ல உக்காந்து பக்கவாத்தியம் எதுவும் இல்லாம 'கோல்ட், கோல்ட் ஹார்ட்' பாடுவாரே, அத பாத்துட்டுதான் நான் ஒரிஜினல் தேடிப் போனேன். என்ன மாதிரி எத்தன பேரோ!

ஸ்டீல்கிட்டார்_சேகர்

தங்கச்சி, உழைப்புல குறை சொல்ல முடியாது. ஆனா ஒரிஜினல் தேடிப் போனீங்கல்ல, கேட்டீங்கல்ல, அப்ப வித்தியாசம் தெரிஞ்சிருக்கணுமே. ஹிடில்ஸ்டன் சுத்தமா பாடறாரு, சுருதி எல்லாம் கரெக்ட், பிரச்சினையே அதான். ஹேங்க் ஒரு வார்த்தைய பாதியில பிளந்து விடுவாரு, அடித்தொண்டைலேந்து பட்டுனு மேல தாவி அந்தத் தாவற எடத்துல குரல் லேசா உடையும், யோடலிங்ல (அடிக்குரலுக்கும் மேல்குரலுக்கும் மாறி மாறித் தாவிப் பாடற பாணி) வர்ற உடைப்ப எடுத்து சோகத்துக்கு வச்சிருப்பாரு. 'லவ்சிக் ப்ளூஸ்' கேட்டா உடனே புரியும். அத பயிற்சி எடுத்து பாடினா பயிற்சி எடுத்ததுதான் கேக்கும்.

பழைய ரிக்கார்டுல இன்னொரு விஷயமும் கவனிங்க. பெரும்பாலும் ட்ரம்ஸே இருக்காது. எலக்ட்ரிக் கிட்டார் தந்திய உள்ளங்கையால அமுக்கிக்கிட்டு டக் டக்னு எதிர்த்தாளத்துல வெட்டுவாங்க, அதான் தாளம். மேல டான் ஹெல்ம்ஸோட ஸ்டீல் கிட்டார், அவரு உச்ச ஸ்தாயிலயே நிப்பாரு, ஹேங்க் குரல் இருக்கற எடத்துக்கு இறங்கவே மாட்டாரு. ஹேங்க்கோட பதிப்பாளர் ஃப்ரெட் ரோஸ் சொல்லிக் குடுத்த யுக்தி அது, குரலுக்கு எடம் விடணும்னு. மலிவான ரேடியோ பெட்டியிலயும், கூச்சல் நிறைஞ்ச பார்ல ஜூக்பாக்ஸ்லயும் பாட்டு தெளிவா வெட்டிக்கிட்டு வந்ததுக்கு அதுதான் காரணம்னு நான் நெனைக்கறேன். இத ஒரு ரிக்கார்டிங் சீன்ல அஞ்சு நிமிஷம் காட்டியிருந்தா போதும், பழையரிக்கார்டு சார் கேக்கற 'வேலை' அதுலயே வந்திருக்கும்.

கறார்கந்தன்

ஒரு நிமிஷம், எல்லாரும் சேர்ந்து ஏன் அடிக்கறீங்க. பாட்டு எழுதறத எப்படிங்க படம் பிடிப்பீங்க? ஒருத்தன் பேப்பர பாக்கறான், பென்சில கடிக்கறான், பேப்பர கசக்கிப் போடறான், திடீர்னு ஜன்னல பாக்கறான், முகத்துல வெளிச்சம், வரி வந்துடுச்சு. இந்த சீன் எத்தன படத்துல பாத்து நொந்திருக்கோம். டைரக்டர் அத வேணாம்னு விட்டாரேன்னு சந்தோஷப்படுங்க. பாட்டு எங்கேந்து வந்துச்சுன்னு அவரு விளக்கம் குடுக்கல, அது தப்பில்ல.

பழையரிக்கார்டு

கந்தன், பென்சில் கடிக்கற சீன நானும் கேக்கல. வேலைய காட்ட வேற வழி இருக்கு, ஏற்கனவே காட்டியும் இருக்காங்க. 'வாக் த லைன்' (2005) எடுத்துக்கோங்க, கன்ட்ரி பாடகர் ஜானி கேஷ் படம், ஜேம்ஸ் மேன்கோல்டோடது. மெம்ஃபிஸ்ல ரிக்கார்டு கம்பெனி ஓனர் சாம் ஃபிலிப்ஸ் முன்னாடி மூணு பேர் நின்னு பக்திப் பாட்டு பாடுவாங்க, அவரு பாதியிலயே நிறுத்தி, இத வேற எவனும் பாடுவான், நீ நம்பற ஒன்ன பாடுன்னு சொல்ற அர்த்தத்துல பேசுவாரு, வாக்கீன் ஃபீனிக்ஸ் தயங்கித் தயங்கி ஜெயில் பாட்ட ஆரம்பிப்பாரு, பக்கத்துல நிக்கற ரெண்டு பேருக்கும் பாட்டே தெரியாது, மெதுவா பின்னாடி சேருவாங்க. ஒரே சீன்ல ஒரு பாடகன் உருவாகறத பாத்துடறோம்.

அத விட நல்லது 'கோல் மைனர்ஸ் டாட்டர்' (1980), கன்ட்ரி பாடகி லோரெட்டா லின் கதை, சிஸ்ஸி ஸ்பேசெக் ஆஸ்கர் வாங்கின படம். புருஷனும் பொண்டாட்டியும் கார்ல ரிக்கார்ட அடுக்கி வச்சுக்கிட்டு ரேடியோ ஸ்டேஷன் ஸ்டேஷனா ஏறி இறங்குவாங்களே, தயவு செஞ்சு போடுங்க போடுங்கன்னு. 1960ல அவங்க நெஜமாவே அப்படித்தான் அலைஞ்சாங்க. அதுலயும் குடி இருக்கு, புருஷன் அடி உதை இருக்கு, மேடையில நெலகுலைஞ்சு போறது இருக்கு, ஆனா அதெல்லாம் தாண்டி இந்தம்மா எப்படி ஜெயிச்சாங்கன்னு படம் முடியறப்ப நமக்குத் தெரியும். ஹேங்க் ஏன் ஹேங்க்னு இந்தப் படம் முடியறப்ப தெரியுதா?

கறார்கந்தன்

அவங்க ரெண்டு பேரும் பொழைச்சவங்க சார்! அதான் வித்தியாசமே. கேஷ் மாத்திரைலேந்து மீண்டாரு, பின்னாடி பொண்டாட்டியான ஜூன் கார்ட்டர் இருந்தாங்க, ஃபோல்சம் ஜெயில் கச்சேரி இருந்துச்சு, டைரக்டருக்கு கடைசி அரை மணி நேரம் இலவசமா கெடைச்சுடுச்சு. லோரெட்டா தொண்ணூறு வயசு வரைக்கும் இருந்தாங்க. ஹேங்க் கதையில எழுந்து வர்ற எடமே கெடையாது, சரியறாரு, சரியறாரு, செத்துப் போறாரு. அத நேர்மையா எடுத்தா படம் இப்படித்தான் இருக்கும். நீங்க எதிர்பாக்கற திருப்தி அந்த வாழ்க்கையிலயே இல்ல.

(அந்த ஜெயில் பாட்டு மெட்டே கேஷோடது இல்ல, கார்டன் ஜென்கின்ஸ் பாட்டுலேந்து எடுத்தது, பின்னாடி காசு குடுத்து செட்டில் பண்ணாங்க. 'ஒரே சீன்ல உருவாகறான்'னு உருகறவங்க கவனத்துக்கு.)

ஷிஃப்ட்முடிஞ்சது

நர்ஸ் வேலைல இருக்கறதால எனக்கு வேற கோணம். ஆரம்பத்துல கேஸ் ஷீட்னு கேலியா சொன்னீங்க, எனக்கு அந்தக் கேஸ் ஷீட்டே படத்துல சரியா வரலன்னுதான் வருத்தம்.

அவருக்கு பொறப்புலயே முதுகெலும்புல குறை, ஸ்பைனா பிஃபிடா அக்கல்ட்டா. முதுகெலும்பு வளையம் பின்பக்கம் முழுசா மூடாம இருக்கும், வெளிய பாத்தா தெரியாது. நெறைய பேருக்கு அதனால ஒரு தொந்தரவும் வராது, ஆனா இவருக்கு சின்ன வயசுலேந்தே வலி. இந்த முதுக வச்சுக்கிட்டு கார்ல ராத்திரி பூரா நூத்துக்கணக்கான மைல் போய், எறங்கி, கிட்டார மாட்டிக்கிட்டு நின்னு பாடணும். 1951 டிசம்பர்ல வாண்டர்பில்ட் ஆஸ்பத்திரில முதுகு ஆபரேஷன் பண்ணாங்க. ஆறறதுக்கு முன்னாடியே எழுந்து நடமாட ஆரம்பிச்சாரு, புது வருஷக் கச்சேரிக்குப் போக முடியாம மன்னிப்பு கேட்டு ரிக்கார்டு பண்ணி அனுப்பினாரு, அத ஹால்ல போட்டுக் காட்டினாங்க. வராதவன்னா குடிச்சிட்டு கெடப்பான்னு ஊரே முடிவு பண்ணிட்டதால இந்தத் தடவ நெஜமாவே முடியலன்னு அவரே வாயால சொல்ல வேண்டியதாப் போச்சு பாருங்க.

அப்புறம் டோபி மார்ஷல். அவன் டாக்டரே கெடையாது, ஜெயிலுக்குப் போயிட்டு பரோல்ல வெளிய வந்தவன், காசு குடுத்து வாங்கின பட்டத்த வச்சு குடிநோய குணப்படுத்தறேன்னு கெளம்பினவன். அவன் எழுதிக் குடுத்தது குளோரல் ஹைட்ரேட், தூக்க மருந்து. அது மூளையோட வேகத்தையும் மூச்சையும் குறைக்கும், சாராயமும் அதையேதான் செய்யும், ரெண்டும் ஒரே ராத்திரி உள்ள போனா என்ன ஆகும்னு முதல் வருஷம் படிக்கற பசங்களுக்கே தெரியும். குடிக்கறத விடாதவனுக்கு அந்த மருந்த எழுதிக் குடுக்கறதே ஆபத்து. கடைசிப் பயணத்துல நாக்ஸ்வில் ஹோட்டல்ல இன்னொரு டாக்டர் வந்து வைட்டமின் பி12ஓட மார்ஃபின் ஊசியும் போட்டாரு. போஸ்ட்மார்ட்டத்துல இதய செயலிழப்புன்னு எழுதி முடிச்சாங்க.

ஆக இவர கொன்னது 'கலைஞனோட சோகம்' இல்ல. சரியா கண்டுபிடிக்காத ஒரு முதுகு, கண்ட கண்ட ஆளுங்க குடுத்த மருந்து, கச்சேரிய விடக்கூடாதுங்கற நெருக்கடி. படம் இதையெல்லாம் தொட்டுட்டுப் போகுது, ஆனா பாக்கறவங்க மனசுல நிக்கறது 'பாவம், சூனியமான மனசு'ங்கற மாதிரி ஒரு மூடுதான்.

பழையரிக்கார்டு

அக்கா, இந்த ஒரு பதிவுக்காகவே இழை போட்டது வீண் போகல.

மருந்துன்னதும் ஞாபகம் வருது, ஹேடகால்! லூசியானா அரசியல்வாதி ஒருத்தர், டட்லி லெப்ளாங்க், வித்த டானிக். சர்வரோக நிவாரணின்னு விளம்பரம், உள்ள 12 சதவீதம் ஆல்கஹால். 1951ல அதுக்காகவே ரயில் வச்சு ஊர் ஊரா நட்சத்திரக் கச்சேரி நடத்தினாரு, டிக்கெட்டுக்குப் பதிலா டானிக் பாட்டிலோட அட்டைப்பெட்டி மூடிய காட்டினா உள்ள விடுவாங்க. அந்த டூர்ல முக்கியமான ஈர்ப்பு யாருன்னா நம்ம ஹேங்க். குடிய விட முடியாம போராடற ஆளு, 12 சதவீத 'மருந்து'க்கு ஊர் ஊரா ஆள் சேக்கறாரு. இத விட ஒரு சீன் எந்த திரைக்கதை ஆசிரியன் கற்பனைல வரும்?

மீனா_ஒஹையோ

நான் ஆட்ரிக்காகப் பேச வந்தேன். கன்ட்ரி ரசிகர்கள்கிட்ட அந்தம்மாவுக்கு நல்ல பேரே கெடையாது, குரல் இல்லாம மேடையேறத் துடிச்சவ, புருஷன தொலைச்சவன்னு. படத்துலயும் முதல் பாதில அதேதான், ரேடியோ ஸ்டேஷன்ல பாடவிடலன்னு முறைச்சுக்கிட்டு நிப்பாங்க. ஆனா ஃப்ரெட் ரோஸ் கிட்ட போய் இவர நிறுத்தறதுல அந்தம்மாவோட தள்ளுதல் எவ்வளவுன்னு யாராவது சொல்றாங்களா? ஹேங்க தனியா விட்டிருந்தா மாண்ட்கமரி லோக்கல் ரேடியோவோட முடிஞ்சிருப்பாரு. எலிசபெத் ஓல்சன் மட்டும்தான் இத புரிஞ்சு நடிச்சிருக்காங்க, திரைக்கதை புரிஞ்சுக்கல. சண்டை சீன்ல அவங்க முகத்துல கோபத்துக்கு முன்னாடி ஒரு சலிப்பு வரும் பாருங்க, இதே வசனத்த எத்தனையோ தடவ பேசிட்டேன்ங்கற சலிப்பு. அது வசனத்துல இல்ல.

அம்மா லில்லி (செரி ஜோன்ஸ்) அடுத்தது. புருஷன் வருஷக்கணக்கா வெட்டரன்ஸ் ஆஸ்பத்திரில கெடக்க, அந்தம்மா போர்டிங் ஹவுஸ் நடத்தி புள்ளைங்கள வளத்தவங்க. மாமியார் மருமக சண்டைன்னு ரெண்டு சீன்ல முடிச்சிட்டாங்க.

பிலாக்கணம்

கல்யாணம்னா ரெண்டாவது கல்யாணத்த விட்டுட்டீங்களே மக்கா 😂 1952 அக்டோபர், பில்லி ஜீன். முதல்ல லூசியானால மிண்டன்ங்கற ஊர்ல அமைதியா ரிஜிஸ்தர் கல்யாணம், மறுநாள் நியூ ஆர்லியன்ஸ் முனிசிபல் ஆடிட்டோரியத்துல டிக்கெட் போட்டு ரெண்டு ஷோ! மதியானம் 'ஒத்திகை', சாயங்காலம் கல்யாணம், ரெண்டுக்கும் ஆயிரக்கணக்குல கூட்டம். மொய் எழுதாம டிக்கெட் வாங்கிட்டு கல்யாணத்துக்குப் போன கூட்டம் அதுதான் உலகத்துலயே.

அதுல கூத்து என்னன்னா, பில்லி ஜீனோட முதல் விவாகரத்து சட்டப்படி முடிஞ்சதே இந்தக் கல்யாணம் ஆகி பத்து நாளைக்கு மேல கழிச்சுதான். ஆட்ரி கதையும் அதேதான், அவங்களுக்கும் முந்தின விவாகரத்துக்கப்புறம் அறுபது நாள் காத்திருக்கணும்ங்கற விதி இருந்துச்சு, அதுக்குள்ளயே பெட்ரோல் பங்க்ல தாலி, ச்சே, மோதிரம். ரெண்டு கல்யாணமும் காகிதத்துல ஓட்டை. செத்ததுக்கப்புறம் யாரு விதவைன்னு கோர்ட்ல பல வருஷம் இழுத்துச்சு. ஹேங்க்கோட காதலி பாபி ஜெட்டுக்கு பொறந்த பொண்ணு வேற, ஹேங்க் செத்து அஞ்சாம் நாள் பொறந்தா, ஜெட் வில்லியம்ஸ். தத்து போய், வளந்து, 80கள்ல கோர்ட்ல போராடித்தான் தான் யாரு மகள்னு நிரூபிச்சாங்க. எனக்கென்னமோ படமா எடுக்க வேண்டிய கதை அந்தப் பொண்ணோடதுதான்.

ஸ்கார்பரோ_குமரன்

நல்லாக் கதைக்கிறியள் எல்லாரும். ஒண்டு சொல்லவேணும், ஹேங்க் பற்றி வந்த படங்களில நல்லது எண்டு நான் சொல்லுறது கனடாவில எடுத்த படம்தான், 'த ஷோ ஹி நெவர் கேவ்', 1980. முதல்ல மேடை நாடகமா வந்தது. ஸ்னீஸி வாட்டர்ஸ் எண்ட ஒட்டாவா பாடகர் ஹேங்கா வாறார். கதை இவ்வளவுதான்: 1952 டிசம்பர் 31 இரவு, காரின்ர பின் சீட்டில கிடந்துகொண்டு, ஒரு சின்ன பார்ல தான் பாடுறதா நினைச்சுப் பாக்கிறார். அவ்வளவு காலமும் பாடின பாட்டெல்லாத்தையும் பாடுறார், இடையில சனத்தோட கதைக்கிறார், பகிடி விடுறார், குடிக்கிறார், கோவிக்கிறார், கெஞ்சுறார். பிறந்த திகதியில இருந்து தொடங்கிற வேலையே இல்லை. ஆள விளங்கிறதுக்கு ஒரு இரவு காணும்.

உங்கட ஆப்ரஹாம் படத்தில எனக்குப் பிடிக்காதது அந்தக் கறுப்பு வெள்ளைப் பேட்டிகள். ஃப்ரெட் ரோஸா வாற பிராட்லி விட்ஃபர்ட் கமராவப் பாத்து எல்லாத்தையும் சொல்லித் தாறார். காட்டேலாதத சொல்லித் தீர்க்கிற வேலை.

கறார்கந்தன்

குமரன் அண்ணா, அந்தக் கனடா படம் எனக்கும் பிடிக்கும், ஆனா அது மேடை நாடகம்தானே, பாட்டுக்கு நடுவுல வசனம். ரெண்டையும் ஒரே தராசுல வைக்க வேணாம். பேட்டி விஷயத்துல உங்களோட ஒத்துப் போறேன். ஃப்ரெட் ரோஸ் பேரச் சொல்லிட்டு அவரு யாருன்னே காட்டல.

ஸ்டீல்கிட்டார்_சேகர்

அதான் நானும் சொல்ல வந்தேன். ரோஸே ஒரு பாட்டாசிரியர், அவருக்கும் ஒரு காலத்துல குடிப் பிரச்சினை இருந்து மீண்டவரு, பதிப்பாளர், ரிக்கார்டிங்கையும் அவரே பாத்துக்குவாரு. ஹேங்க் கொண்டு வர்ற பாட்டுல வரிய நேராக்குவாரு, எடத்த மாத்துவாரு, சிலதுல பேரும் போட்டுக்குவாரு. யாரு எவ்வளவு எழுதினாங்கன்னு இன்னிக்கும் ரசிகர்கள் சண்டை போடறாங்க. ஆனா ரோஸ் கணக்கு தப்பாப் போன எடமும் இருக்கு, 'லவ்சிக் ப்ளூஸ்'. 1922ல எழுதின பழைய பாட்டு, ஹேங்க் எழுதினது இல்ல. மேடையில பாடினா கூட்டம் பிச்சுக்குதுன்னு ஹேங்க்குத் தெரியும், ரோஸுக்கு சுத்தமாப் பிடிக்கல, வேணாம்னு சொல்லியும் கேக்காம 1948 டிசம்பர்ல சின்சினாட்டில ரிக்கார்டு பண்ணாரு. 1949ல 16 வாரம் முதல் எடம். அத வச்சுதான் நாஷ்வில்லோட பெரிய ரேடியோ கச்சேரி நிகழ்ச்சி 'கிராண்ட் ஓல் ஓப்ரி' கதவே தொறந்துச்சு, 1949 ஜூன்ல அது நடந்த ரைமன் அரங்க மேடையில பாடினா ஆறு தடவ திரும்பக் கூப்பிட்டாங்க. மூணே வருஷத்துல, 1952 ஆகஸ்ட்ல, அதே ஓப்ரி வேலைய விட்டுத் தூக்கிடுச்சு.

கந்தன், நீங்க பாட்டு எங்கேந்து வந்துச்சுன்னு காட்ட முடியாதுன்னு சொன்னீங்களே, ரோஸோட ஒரு ரூம்ல இவர உக்கார வச்சு ஒரு பாட்ட வெட்டி ஒட்டறத காட்டினா போதுமே. ரெண்டு பேர் வாதாடினா அது சினிமாதானே.

பழையரிக்கார்டு

சேகர் சொன்னதுக்கு மேல ஒரு படி போறேன். எனக்கு உண்மையான கோபம் டீ டாட் பத்தி.

ரூஃபஸ் பெய்ன், கறுப்பினத் தெருப்பாடகர், அலபாமால ஜார்ஜியானா, கிரீன்வில் ஊர்ப் பக்கம் கிட்டார் வாசிச்சுக்கிட்டுத் திரிஞ்சவரு, கூப்பிடற பேரு டீ டாட். சின்னப் பையன் ஹேங்க் அவரு பின்னாடியே சுத்தி கத்துக்கிட்டான். எனக்கு சங்கீதம் சொல்லிக் குடுத்தது அந்த ஒருத்தர்தான்னு ஹேங்க்கே பிற்காலத்துல சொன்னதுண்டு. டீ டாட் 1939ல மாண்ட்கமரில ஏழையாவே செத்துப் போனாரு, தன் சிஷ்யன் யாரா ஆனான்னு தெரியாமலே. அலபாமால 1930கள்ல ஒரு வெள்ளைக்காரப் பையன் கறுப்பர் ஒருத்தர் பின்னாடி போய் பாட்டு கத்துக்கறான்னா அதுல எவ்வளவு இருக்கு! கன்ட்ரின்னு சொல்லி வெள்ளைக்கார இசைன்னு முத்திரை குத்தின ஒண்ணோட நடுத்தூண் கறுப்பர்களோட ப்ளூஸ் இசைலேந்து வந்ததுன்னு ஒரு சீன்ல சொல்லியிருக்கலாம். சேகர் சொன்னாரே குரல் உடையறது, தாளத்த இழுத்துப் பிடிக்கறது, அதுக்கெல்லாம் வேர் அங்கதான். 1964ல ஜார்ஜ் ஹாமில்டன் நடிச்ச பழைய படம் எத்தனையோ பொய் சொல்லுச்சு, ஆட்ரியே ஆலோசகரா இருந்ததால அவங்களுக்கு சாதகமா வளைச்சாங்க, பாட்டெல்லாம் டீன் ஏஜ் பையனா இருந்த மகன் ஹேங்க் ஜூனியர் குரல்ல போட்டாங்க, எல்லாம் சரி, ஆனா டீ டாட்ட ஒரு மனுஷனா கொண்டு வந்து நிறுத்தினாங்க. 2016ல படத்த 1944ல ஆரம்பிச்சா அவருக்கு எடமே இல்லாம போயிடுது.

1944ல ஆரம்பிக்கறதுன்னு முடிவு பண்ணப்பவே இது கல்யாண வாழ்க்கைப் படம்னு ஆயிடுச்சு. பாட்டுக்காரன் படம் எடுக்கணும்னா 1930கள்ல ஜார்ஜியானா தெருவுல ஆரம்பிச்சிருக்கணும்.

லோகி_ரசிகை

இத படிச்சப்புறம் உண்மைலயே கஷ்டமா இருக்கு, இவ்வளவு பெரிய விஷயம் படத்துல இல்லையேன்னு. ஆனா ஒண்ணு கேக்கறேன், சிரிக்கற ஹேங்க் யாராவது பாத்திருக்கீங்களா? படத்துல அவரு எப்பவுமே இறுக்கமாவே இருக்காரு, நிஜத்துலயும் அப்படித்தானா?

மீனா_ஒஹையோ

இல்லம்மா, இல்லவே இல்ல. 1951ல நாஷ்வில் டபிள்யூ.எஸ்.எம். ரேடியோல மதர்ஸ் பெஸ்ட்ங்கற மாவுக் கம்பெனி ஸ்பான்சர்ல காலைல கால் மணி நேர நிகழ்ச்சி பண்ணாரு. ஊருக்குப் போற நாள்ல போடறதுக்காக முன்கூட்டியே டிஸ்க்ல பதிஞ்சு வச்சாங்க, அந்த டிஸ்க் குப்பைக்குப் போக இருந்து யாரோ புண்ணியவான் காப்பாத்தி 2008லேந்து வெளிய வந்துச்சு. அத கேளு. மாவு விளம்பரத்த படிக்கறப்பவே கூட இருக்கறவங்கள வம்பிழுப்பாரு, அறிவிப்பாளர கிண்டல் பண்ணுவாரு, அறிமுகப் பாட்டையே கோணல் பண்ணிப் பாடுவாரு, ஒரு பக்திப் பாட்டு வந்தா சட்டுனு குரல் மாறும். அந்தாளு செம ஜாலியான பேச்சுக்காரர். அவரோட பாதிப் பாட்டு காமெடிதானே, முதல் பெரிய ஹிட் 'மூவ் இட் ஆன் ஓவர்' (1947) பொண்டாட்டி கதவ சாத்தினதால நாய் வீட்ல படுக்கப் போறவன் கதை! படத்துல அந்தக் கிறுக்குத்தனம் எங்க? சோகம்னா அழுத மூஞ்சிதான்னு யாரோ முடிவு பண்ணிட்டாங்க.

இன்னொண்ணு, கடைசி சீன் பத்தி யாரும் பேசல. கார்ல ஏறறத காட்டிட்டு சாவ காட்டாம நேரா இங்க ஒஹையோ கேன்டன் ஹாலுக்கு வந்துடுவாங்க. சார்ல்ஸ்டன் கச்சேரி பனிப்புயல்ல ரத்தாகி, புது வருஷத்தன்னிக்கு கேன்டன்ல பாட வேண்டியவரு, காலேஜ் பையன் சார்ல்ஸ் கார் ஓட்டறான், மேற்கு வர்ஜீனியா ஓக் ஹில்ல நிறுத்திப் பாத்தா பின் சீட்ல உடம்பு சில்லிட்டுப் போயிருக்கு. கேன்டன்ல மேடையேறி இறந்துட்டாருன்னு சொன்னா நெஜத்துல சில பேரு சிரிச்சிருக்காங்க, வழக்கம்போல வராததுக்கு ஒரு சாக்குன்னு. அப்புறம் திரைக்குப் பின்னாடிலேந்து பாட ஆரம்பிச்சதும்தான் புரிஞ்சு கூட்டமும் சேர்ந்து பாடுச்சு. படத்துல பாட்ட வச்சாங்க, அந்த சிரிப்ப விட்டுட்டாங்கன்னுதான் எனக்கு ஞாபகம். அந்த சிரிப்புதான் அவரோட கடைசி ஒரு வருஷத்தோட மொத்தக் கதையும்.

கறார்கந்தன்

அக்கா, அந்த சிரிப்பு நல்ல பாயின்ட், ஏத்துக்கறேன். ஆனா சாவ காட்டாம விட்டது படத்தோட மிகச் சரியான முடிவுன்னு இன்னமும் சொல்வேன். வேற எந்த டைரக்டரா இருந்தாலும் பனி, கண்ணாடில மூச்சுக் காத்து, மூடற கண்ணுன்னு அஞ்சு நிமிஷம் வயலின் போட்டிருப்பான்.

பிலாக்கணம்

வசூல் பத்தியும் சொல்லிடுவோம், சுமார் 1.3 கோடி டாலர் செலவு, அமெரிக்கால 20 லட்சத்தக்கூட எட்டல. ஹேங்க் பேரன் ஹேங்க் 3 வேற, ஒரு இங்கிலாந்துக்காரன் எங்க தாத்தாவா நடிக்கறதான்னு ஆரம்பத்துலயே கொடி பிடிச்சாரு. ஊர்க்காரன் நடிச்சிருந்தாலும் இந்தத் திரைக்கதைக்கு இதே கதிதான்.

ஷிஃப்ட்முடிஞ்சது

எனக்கு ஒரு சந்தேகம். அவரு எழுதி முடிக்காத பாட்டெல்லாம் நோட்டுல இருந்துச்சுன்னு எங்கயோ படிச்சேன், அது கெடைக்குதா?

பழையரிக்கார்டு

கெடைக்குதுக்கா. 2011ல 'த லாஸ்ட் நோட்புக்ஸ் ஆஃப் ஹேங்க் வில்லியம்ஸ்'னு ஆல்பம் வந்துச்சு. மெட்டில்லாம விட்டுப்போன வரிகள பாப் டிலன், ஜாக் வைட், நோரா ஜோன்ஸ்னு ஆளுக்கொண்ணு எடுத்து மெட்டு போட்டுப் பாடியிருக்காங்க. எல்லாம் தேறாது, நோரா ஜோன்ஸ் பாடினது தேறும். ஆனா முதல்ல மீனா சொன்ன மாவுக் கம்பெனி ரிக்கார்டிங்க கேளுங்க, அப்புறம் இது.

குமரன், அந்தக் கனடா படம் எங்க பாக்கலாம்? லிங்க் இருந்தா தனி மெசேஜ்ல போடுங்க, இங்க போட்டா மாடரேட்டர் தூக்கிடுவாரு.

ஸ்கார்பரோ_குமரன்

என்னட்டப் பழைய டிவிடி ஒண்டு கிடக்குது தம்பி. தேடிப் பாத்துட்டு எழுதுறன். சேகர், அதில வாற ஸ்டீல் கிட்டார் பற்றி உங்கட அபிப்பிராயம் எனக்கு வேணும், அதுக்காகவேனும் பாருங்கோ.